கதவைத் திறந்தவர்கள் சாவியைக் கொடுக்கவில்லை

சிறுசேரியிலிருந்து இன்னொரு எபிசோட். 1885-ல் இங்கிலாந்தில் இரண்டு பெண்களுக்கு நடுவே நடந்த ஒரு கடிதச் சண்டையைப் பத்தித்தான் இன்னைக்குப் பேசப்போறேன். ஒருத்தர் பண்டித ரமாபாய். இன்னொருத்தர் ஜெரால்டின் என்ற ஆங்கிலேய சிஸ்டர்.

சிஸ்டர்னு சொன்னதும் நமக்கு கத்தோலிக்க கான்வென்ட்தான் ஞாபகம் வரும். இவங்க ஆங்கிலிக்கன், அதாவது இங்கிலாந்தின் அரசுத் திருச்சபையைச் சேர்ந்தவங்க. எட்டாம் ஹென்றி 1530-களில் மடங்களைக் கலைத்த பிறகு, சுமார் முந்நூறு வருஷம் அந்தச் சபையில் கன்னியர் மடமே கிடையாது. 1845-ல்தான் லண்டனில் ஒரு மடம் திரும்ப வந்தது. 1848-ல் வான்டேஜ் என்ற சின்ன ஊரில் இன்னொன்று.

பெண்கள் ஏன் அங்கே போனாங்க? பக்தி ஒரு காரணம். இன்னொரு காரணம், வேலை. நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணுக்கு அன்னைக்கு இருந்த வழிகள் ரொம்பக் கம்மி. கல்யாணம்; இல்லைன்னா அண்ணன் வீட்டில் ஒண்டிக்கிடக்கணும்; இல்லைன்னா பணக்காரங்க வீட்டில் தங்கிப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித்தரணும். கல்யாணமானால், 1870 வரை அவள் சம்பாதிக்கும் காசும் சட்டப்படி கணவனுடையது. மடத்துக்குள் வந்தால் பள்ளி நடத்தலாம், நோயாளிகளைக் கவனிக்கலாம், கணக்கு வழக்கு பார்க்கலாம். 1854-ல் கிரிமியப் போருக்கு நைட்டிங்கேலோடு போன 38 பேரில் ஆங்கிலிக்கன் சிஸ்டர்களும் உண்டு.

இந்த வான்டேஜ் சிஸ்டர்கள் 1877-ல் புனேவுக்கு வந்தாங்க. ரமாபாய்க்கு அவங்களோட பழக்கம் ஏற்பட்டது அங்கேதான்.

ரமாபாய் 1858-ல் பிறந்தவர். வீட்டிலேயே சமஸ்கிருதம் படித்தவர். ஊர் ஊராகப் போய்ப் புராணம் வாசித்துப் பிழைத்த குடும்பம். 1870-களில், நம்ம சென்னை மாகாணத்துப் பஞ்ச காலத்தில், அப்பா, அம்மா, அக்கா மூணு பேரையும் பறிகொடுத்தார். அண்ணனோட கால்நடையா வடக்கே போனார். 1878-ல் கல்கத்தா அறிஞர்கள் அவருக்கு 'பண்டிதா', 'சரஸ்வதி' என்று பட்டம் கொடுத்தாங்க. கல்யாணமாகி இரண்டு வருஷத்துக்குள்ளேயே, 1882-ல் கணவர் இறந்துபோனார். கையில் ஒரு பெண் குழந்தை, மனோரமா.

1883-ல், தான் எழுதிய புத்தகத்தில் வந்த காசையும் போட்டுக் கப்பல் ஏறினார். டாக்டராகணும்னு ஆசை. காது சரியாகக் கேட்காததால் அது நடக்கலை. வான்டேஜ் மடத்தில் தங்கினார். அந்த வருஷமே மகளோடு ஞானஸ்நானம் பெற்றார். பிறகு செல்டென்ஹாம் மகளிர் கல்லூரியில் படித்துக்கொண்டே சமஸ்கிருதம் சொல்லிக்கொடுத்தார்.

சண்டை இங்கேதான் ஆரம்பம். அவர் ஆண் மாணவர்களுக்கும் பாடம் எடுக்கலாம்னு ஒரு யோசனை வந்தது. கல்லூரித் தலைவி டாரதியா பீல் ஆதரவாகத்தான் இருந்தார். இந்தியாவில் இருந்த பிஷப்புகள் கூடாதுன்னாங்க: ஊருக்குத் திரும்பினால் பேர் கெட்டுடுமாம். சிஸ்டர்களும் பிஷப்புகள் பக்கமே நின்னாங்க.

ரமாபாய் திருப்பி எழுதினார். இந்தியாவில் ஆண்கள் நிறைந்த சபைகளில் பேசியவள் நான், என் நாட்டில் எனக்கு எது சரிப்படும்னு எனக்குத் தெரியாதா? எனக்கென்று ஒரு மனசாட்சி இருக்கு, அதை யாரிடமும் ஒப்படைக்க மாட்டேன். இதுதான் அந்தக் கடிதங்களின் சாரம். சிலுவையில் லத்தீன் வாசகம் எதுக்கு, சமஸ்கிருதம் போதாதான்னும் கேட்டார்.

ஜெரால்டினை வில்லியா நினைச்சுடாதீங்க. கீழ்ப்படிதல் அவர் எடுத்துக்கொண்ட சபதம். அப்பா, அண்ணன் பிடியிலிருந்து அந்தப் பெண்களை வெளியே கொண்டுவந்தது அந்த மடம். ஆனால் மடத்துக்கும் மேலே ஒரு பிஷப் இருந்தார். அதுக்குள்ளேயே பழகினவங்களுக்கு அது சகஜம். வெளியிலிருந்து வந்தவருக்குக் கண்ணில் குத்தியது.

இது நமக்குப் பழக்கமில்லாத கதையா? இந்த ஓஎம்ஆரில் வீட்டை விட்டு வந்து சொந்தச் சம்பளத்தில் லேடீஸ் பிஜியில் தங்கியிருக்கும் எத்தனையோ பேர் இதைக் கேட்டுக்கிட்டிருக்கீங்க. நைட் ஷிஃப்ட் முடித்து வருகிறவளுக்கும் கேட் டைம் உண்டு. "உங்க நல்லதுக்குத்தான்மா" என்று பாசமாகத்தான் சொல்வாங்க. அந்த நல்லது எதுன்னு முடிவு பண்றது யாரு?

ரமாபாய் 1886-ல் அமெரிக்கா போனார், பணம் திரட்டினார், 1889-ல் பம்பாயில் விதவைகளுக்காக சாரதா சதன் தொடங்கினார். பிறகு புனே பக்கம் கேட்காவில் முக்தி. பஞ்சத்தில் தப்பிய பெண்கள் அங்கே படிச்சாங்க, தறி நெய்தாங்க, அச்சகம் ஓட்டினாங்க. கிறிஸ்தவத்தை அவர் விடலை. பெண்கள் சேர்ந்து வாழும் வீடு என்ற யோசனையையும் விடலை. சாவியை மட்டும் தன் கையில் வைத்துக்கொண்டார்.

இன்னொன்று சொல்லணும். ஜெரால்டினை அவர் கடிதங்களில் 'ஆஜிபாய்', அதாவது பாட்டி என்றுதான் கூப்பிட்டார். அந்தப் பாட்டி, தன்னை எதிர்த்து வந்த கடிதங்களைக் கிழித்துப் போடலை. சேர்த்து, தொகுத்து வைத்தார். 1977-ல் அவை புத்தகமாக வந்தன. அதனால்தான் இந்தச் சண்டை இன்னைக்கு நமக்குத் தெரியுது.

உங்க நல்லதுக்குன்னு சொல்றவங்களோட, உறவை முறிக்காமல் நீங்க எப்படிச் சண்டை போட்டீங்க? எழுதி அனுப்புங்க. அடுத்த எபிசோட்ல பார்க்கலாம்.