பிள்ளைகள் பூணும் வேடம்
(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



மேடையேறிப் பேசும் பழக்கம் எனக்கு இல்லை. பத்தாம் வகுப்புத் தேறி, இரயில்வேயில் எழுத்தராகச் சேர்ந்து, முன்பதிவுச் சாளரத்தின் பின்னே அமர்ந்து காலம் கழிப்பவன் நான். குறளையும் கம்பனையும் பற்றிப் பேச வல்லார் பலர் இங்கு இருக்கின்றனர். அவர்களை விடுத்துச் செயலாளர் அவர்கள் என்னை அழைத்து, "நம் குடியிருப்புப் பிள்ளைகள் கைப்பேசியில் ஏதோ கொரிய விளையாட்டு ஆடுகின்றார்களே, அஃது என்னவென்று நீங்கள்தான் விசாரித்துச் சொல்லவேண்டும்" என்று பணித்தார். விசாரித்தேன். விசாரணை என் வீட்டிலேயே வந்து முடியும் என்று அப்பொழுது நான் நினைக்கவில்லை.

முதலில் மூலக்கதையைச் சொல்லிவிடுகின்றேன். 'ஸ்க்விட் கேம்' என்னும் கொரியத் தொடர் 2021 ஆம் ஆண்டு செப்டம்பர் 17 அன்று நெட்ஃபிளிக்ஸில் வெளிவந்தது. ஸ்க்விட் என்பது நம் கடற்கரையோர் கணவாய் என்று சொல்லும் மீன். கடனில் மூழ்கிய 456 பேரை ஒரு தீவிற்குக் கொண்டுசென்று, சிறுவர் விளையாட்டுகளை ஆடச்செய்து, தோற்றவரைக் கொன்று, வென்றவருக்கு 4,560 கோடி வான் பரிசளிப்பதாகக் கதை. எழுதி இயக்கியவர் ஹ்வாங் டோங்-ஹ்யுக். 2009 ஆம் ஆண்டளவிலேயே கதையை எழுதிவிட்டார். ஏறத்தாழப் பத்தாண்டுகள் அதனை ஏற்பார் இல்லை. வறுமையால் தம் மடிக்கணினியையும் விற்க நேர்ந்ததாக அவரே கூறியிருக்கின்றார். கதைத்தலைவன் வேலைநிறுத்தம் ஒன்றிற்குப் பின் வேலையிழந்த மோட்டார்த் தொழிலாளி. கடனின் சுவையை அறிந்தவர் எழுதிய கதை என்பது பார்க்கப் பார்க்க விளங்குகின்றது. இது வயது வந்தோர்க்கென எடுக்கப்பட்டது. பிள்ளைகள் பார்க்கத் தக்கதன்று. ஆயினும் பிள்ளைகள் அனைவரும் அறிவர். எப்படி என்று கேட்காதீர்கள். துண்டு துண்டாக அறிவர்.

அதில் வரும் ஆட்டங்கள் நமக்குப் புதியன அல்ல என்பதே எனக்கு முதல் வியப்பு. கோலி வருகின்றது, வடமிழுத்தல் வருகின்றது. பொம்மை திரும்பிப் பார்க்கும்பொழுது அசையாமல் நிற்கும் ஆட்டத்தை அந்நாட்டுச் சிறுவர் 'முகுங்ஹ்வாப் பூ மலர்ந்தது' என்று சொல்லி ஆடுவராம். முகுங்ஹ்வா என்பது நம் செம்பருத்தியின் இனம். சர்க்கரைப் பாகு வில்லையில் பொறித்த உருவத்தை உடையாமல் ஊசியால் பெயர்த்தெடுக்கும் ஆட்டத்தை நம் பிள்ளைகள் லோனாவ்லா சிக்கியில் ஆடிப் பார்த்து, ஊசிகள் முறிந்ததும் நீங்கள் அறிந்ததே.

தொடருக்குப் பெயர் தந்த கணவாய் ஆட்டத்தைச் சற்று விரித்துச் சொல்ல விரும்புகின்றேன். தரையில் கணவாய் வடிவில் கோடு வரைந்து இரு கட்சியாகப் பிரிவர். தாக்கும் கட்சியான் கோட்டிற்கு வெளியே ஒற்றைக்காலில் நொண்டியே செல்லவேண்டும். காப்பவர்களைத் தப்பிக் கணவாயின் இடையைக் குறுக்கே கடந்துவிட்டால் இரு கால்களாலும் நடக்கும் உரிமை பெறுவான். அவ்வாறு கடந்தவனுக்கு 'இரகசிய ஆய்வாளர்' என்று பட்டம். பண்டைக் கொரிய மன்னர் மாறுவேடத்தில் அனுப்பிய அதிகாரியின் பெயர் அது. இதைக் கேட்டவுடன் எனக்கு எங்கள் ஊர்க் கிளித்தட்டு நினைவிற்கு வந்தது. காப்பவர் மற்றெல்லாரும் தத்தம் குறுக்குக்கோட்டை விட்டு அகலலாகாது. கிளி ஒருவனே நடுக்கோட்டிலும் ஓடலாம். மகாராட்டிரத்து ஆட்யா-பாட்யாவும் இதற்கு உடன்பிறப்பு. கிளியாவதற்கு யாரும் காசு கொடுத்ததில்லை. கால் விரைவாக இருக்கவேண்டும். அடுத்த ஆட்டத்தில் அந்தப் பதவியை எதிர்க்கட்சிக்கு விட்டுக்கொடுக்கவும் வேண்டும். இந்தப் புனே நகரத்து டெக்கன் ஜிம்கானாவில் 1914 ஆம் ஆண்டு கோ-கோவிற்கு விதி வகுத்தார்களே, அங்கும் துரத்தியவர் பின்னர் ஓடவேண்டும் என்பதே விதி.

இனிக் கைப்பேசிக்கு வருவோம். தொடர் வெளிவந்த சில வாரங்களுக்குள் உலகெங்கும் உள்ள இரசிகர்கள் அதனைத் தாங்களே ஆடத்தக்க இணைய விளையாட்டாக ஆக்கத் தொடங்கிவிட்டனர். நார்வே நாட்டு இளைஞர் ஒருவர் 2021 அக்டோபர் இறுதியிலேயே 'க்ராப் கேம்', அதாவது நண்டு விளையாட்டு, என்ற பெயரில் ஒன்றை இலவசமாக வெளியிட்டார். கணவாய் என்று வைத்தால் வழக்கு வரும் என்று நண்டு என்று வைத்தார் போலும்! நெட்ஃபிளிக்ஸ் நிறுவனத்தாரின் சொந்தக் கைப்பேசி விளையாட்டு 2024 டிசம்பரில்தான் வந்தது. அதற்கு மூன்றாண்டுகள் முன்னரே இரசிகர்கள் ஆடித் தீர்த்துவிட்டனர்.

இவற்றுள் பெரும்பாலானவை குடியேறிய இடம் ராப்லாக்ஸ். 2006 ஆம் ஆண்டு தொடங்கிய இஃது ஒரு விளையாட்டன்று. விளையாடுவோரே விளையாட்டை ஆக்கிக்கொள்ளும் களம். 2025 ஆம் ஆண்டின் நடுவில் நாளொன்றுக்கு 11 கோடிப் பேருக்கு மேல் அங்கு வந்து சென்றனர். பணம் வைத்து ஆடும் ஆட்டங்களை 2025 ஆகஸ்டு மாதத்துச் சட்டம் தடுத்ததே, இஃது அதுவோ என்று சில பெரியோர் என்னிடம் கேட்டனர். அன்று, இங்கே பந்தயம் இல்லை. ஆனால் கடை உண்டு. ரோபக்ஸ் என்னும் நாணயத்தைக் காசு கொடுத்து வாங்கி, அதனைக் கொண்டு உடையும் கருவியும் வேடமும் வாங்கலாம்.

இந்த வேடம்தான் நான் சொல்ல வந்த செய்தி. தொடரில் ஆடுவோர் பச்சை உடையும் எண்ணும் பூண்டவர். காப்போர் செந்நிற உடையும் கருப்பு முகமூடியும் பூண்டவர். முகமூடியில் வட்டம் இருந்தால் ஏவலாள். முக்கோணம் இருந்தால் துப்பாக்கி ஏந்தியவன். சதுரம் இருந்தால் மேலாள். இரசிகர் ஆக்கிய விளையாட்டுகள் பலவற்றில் எண்ணுடையவனாக இலவசமாக நுழையலாம். காவலனாக வேண்டுமாயின் ரோபக்ஸ் தரவேண்டும். கடனாளிகளின் துயரைச் சொல்ல ஒருவர் கதை எழுதினார். அதில் சுடுகின்றவனுடைய சட்டை இன்று பிள்ளைகளுக்கு விற்பனைப் பொருளாயிற்று.

என் மகனும் கேட்டான். பன்னிரண்டு வயதினன். "எல்லாரும் காவலராக இருக்கின்றார்கள் அப்பா, நான் மட்டும் சாகின்றேன்" என்றான். காசு தர மறுத்தேன். "அந்தக் காவலனுக்கும் முகம் இல்லையடா, முகமூடியைக் கழற்றினால் அவனையும் கொன்றுவிடுவார்கள்" என்றேன். அவனுக்கு இஃது ஒரு பொருட்டாகத் தோன்றவில்லை. சுடுகின்ற பக்கத்தில் இருக்கவேண்டும், அவ்வளவே.

இளையவள் ஒன்பது வயதினள். அவள் வேறு வகையில் ஆடினாள். 456 பேரில் கதை பெயர் சொல்லிக் காட்டுவது சிலரையே. எஞ்சிய நானூற்றுச் சொச்சம் பேர் வெறும் எண்கள். இரசிகர்களுக்கு அந்த வெற்றிடமே விருந்து. ஆளில்லாத எண் ஒன்றை எடுத்து, அதற்கு முகமும் குணமும், கடன் வந்த காரணமும் தாமே கற்பித்துக்கொண்டு, அந்த ஆளாகவே விளையாட்டில் புகுகின்றனர். என் மகள் எடுத்த எண் 139. நம் இரயில்வே விசாரணைத் தொலைபேசி எண், வேறெதனை எடுப்பாள்?

நாள்தோறும் சாளரத்தின் முன் நிற்போரை நானும் எண்ணாகவே பார்க்கின்றேன். காத்திருப்போர் பட்டியலில் 87 ஆம் எண்ணுடையவர் கோயமுத்தூரில் யாரைப் பார்க்கத் துடிக்கின்றார் என்று நான் கேட்பதில்லை. கேட்டால் வரிசை நகராது. ஆனால் மகளிடம், "உன் 139 யாரம்மா?" என்று கேட்டேன். குறிப்பேட்டைக் கொண்டுவந்து நீட்டினாள். ஆங்கிலத்திலும் மராட்டியிலுமாகக் கலந்து எழுதியிருந்தாள். தமிழ் எழுத்து அவளுக்கு இன்னும் கூடிவரவில்லை. சங்கத்தின் ஞாயிறு வகுப்பிற்கு அனுப்பாத குற்றம் என்னுடையது. 139 ஒரு பெண். வரையத் தெரியும். இரவில் உறங்கமாட்டாள். கடைசி வரியில் ஒரு சொல்லை மட்டும் நாகரி எழுத்தில் எழுதி வைத்திருந்தாள். எழுத்துக் கூட்டிப் படித்தேன். 'கடன்' என்று இருந்தது. "யார் வாங்கிய கடன்?" என்றேன். "அவளுடைய அப்பா வாங்கியது. அப்பா சொல்லமாட்டார். அம்மாவிடம் மட்டும் இரவில் சொல்வார்" என்றாள்.

பள்ளியில் அந்தச் சொல்லுக்கு மராட்டியும் ஆங்கிலமும் கற்றிருப்பாள். தமிழில் அதைக் கற்ற இடம் எங்கள் வீட்டுச் சுவர்.

ஊரில் இருந்த என் தாயாரின் மருத்துவத்திற்காகக் கூட்டுறவுச் சங்கத்தில் வாங்கிய கடன் அது. இதனை அவையில் சொல்ல எனக்குக் கூச்சமே. ஆயினும் இக்குடியிருப்பில் கடனில்லாத வீடு எத்தனை என்று நாம் அறியாதவர்கள் அல்லர். அன்றிரவு மகளை அருகில் அமர்த்திக் கணக்கைக் காட்டினேன். மாதம் 7,500 ரூபாய் சம்பளத்தில் பிடிக்கின்றார்கள். இன்னும் 31 மாதம். அவள் விரல்விட்டு எண்ணினாள். "அப்பொழுது நான் ஆறாம் வகுப்பில் இருப்பேன்" என்றாள். பிறகு, "அதுவரை உன்னைத் தீவிற்குக் கொண்டுபோக மாட்டார்களே?" என்றாள்.

என்ன விடை சொல்வது? தொடரை முழுவதும் பார்த்தவன் ஆதலால் அதிலிருந்தே ஒன்றைச் சொன்னேன். முதல் ஆட்டத்தில் 255 பேர் மாண்டபின் எஞ்சிய 201 பேரும் வாக்களிக்கின்றனர். 101 பேர் நிறுத்து என்றும், 100 பேர் தொடர் என்றும் சொல்ல, ஆட்டம் நின்று எல்லாரும் வீடு திரும்புகின்றனர். பின்னர்க் கடனின் நெருக்கத்தால் 187 பேர் மீண்டும் தீவிற்குச் செல்கின்றனர். கதை அவர்களோடு போய்விடுகின்றது. போகாத 14 பேர் என்ன ஆனார்கள் என்று அது சொல்வதில்லை. ஊரிலேயே இருந்திருப்பார்கள்; கடனை மெல்ல மெல்ல அடைத்திருப்பார்கள். "அந்தப் பதினான்கில் ஒருத்தியாக உன் 139 இருக்கலாமே" என்றேன்.

நெடுநேரம் யோசித்தாள். மறுநாள் தமையனிடம் சென்று, தன் 139 தீவிற்கு வரமாட்டாள் என்று அறிவித்தாள். "வராதவளுக்கு விளையாட்டில் இடம் ஏது?" என்று அவன் கேட்க, "நீ கட்டிக்கொடு" என்றாள். களத்தில் கட்டும் கருவி இலவசமே ஆதலால், இப்பொழுது அண்ணனும் தங்கையும் மாலையில் ஒரு வீடு கட்டுகின்றார்கள். பச்சை உடையைக் கழற்றி மாட்டுவதற்கு உள்ளே ஓர் ஆணி வேண்டும் என்று அவள் சொல்லியிருக்கின்றாள். காவலர் வேடத்தை அவன் மறந்தானா என்று கேட்டால், இல்லை. வாசலில் முக்கோண முகமூடியுடன் ஒருவனை நிறுத்தியே தீருவேன் என்கின்றான். உள்ளே வரும்பொழுது முகமூடியைக் கழற்றவேண்டும் என்பது அவள் போட்ட விதி. இருவருக்கும் இன்னும் வழக்கு முடியவில்லை.