சம்பளம் சலுகையல்ல, சொத்து!

(கடையநல்லூரில் அரசு ஊழியர், ஆசிரியர் குடும்பத்தார் முன்னிலையில் ஆற்றிய உரை)



தறிக்கும் வளைகுடாச் சம்பாத்தியத்துக்கும் பெயர்பெற்ற நம் கடையநல்லூரில், அரசுச் சம்பளத்தை நம்பி அடுப்பெரியும் வீடுகளும் உண்டு. ஆசிரியர், எழுத்தர், துப்புரவுப் பணியாளர் என்று எத்தனையோ பேர். "நிதி ஒதுக்கீடு வரவில்லை", "பட்டியல் கருவூலத்திலிருந்து திரும்பிவிட்டது" என்ற பதிலைக் கேட்டுக் கேட்டு, மாதக்கணக்கில் அலுவலகப் படியேறி இறங்கியவர்கள் உங்களிலும் இருக்கலாம். அவர்களுக்காகவே பேசுகிறேன்.

உழைத்த சம்பளம் அரசு போடும் பிச்சையா? இல்லவே இல்லை! ஓய்வூதியம் தயவால் தரப்படுவதல்ல, ஊழியரின் உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1982-ல் நகாரா வழக்கில் தீர்ப்பளித்தது. ஓய்வூதியமும் பணிக்கொடையும் ஊழியரின் சொத்து என்று 2013-ல் ஜார்க்கண்ட் வழக்கொன்றில் கூறியது. சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்பது அரசியல் சட்டத்தின் 300-ஏ பிரிவு. அதனால் வெறும் நிர்வாக உத்தரவைக் காட்டி அதை நிறுத்திவைக்க முடியாது.

"கஜானா காலி" என்றால்? பீகாரில் அரசு நிறுவனங்களின் ஊழியர்கள் ஆண்டுக்கணக்கில் சம்பளமின்றிப் பட்டினியில் வாடினார்கள். வழக்கறிஞர் கபிலா ஹிங்கொரானி தொடுத்த வழக்கில், ரூ.50 கோடியை உயர் நீதிமன்றத்தில் கட்டும்படி அந்த மாநில அரசுக்கு 2003-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 2020-ல் கொரோனாவைக் காட்டி ஆந்திர அரசு மார்ச், ஏப்ரல் சம்பளத்தில் ஒரு பகுதியைத் தள்ளிவைத்தது. அந்தத் தொகையை 6 விழுக்காடு வட்டியுடன் தரவேண்டும் என்று 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் கூறியது.

உரிமை இருக்கிறது. ஆனால், நாம் தூங்கினால்?

1983-ல் உடல்நலக் குறைவால் வெளியேற்றப்பட்ட ராணுவ வீரர் ஒருவர், ஊனத்துக்கான ஓய்வூதியம் கேட்டு 1999-ல்தான் நீதிமன்றம் போனார். உரிமை உண்டு என்றார்கள். ஆனால் நிலுவை? வழக்குப் போட்டதற்கு முந்தைய 3 ஆண்டுக்கு மட்டும்தான் என்று 2008-ல் முடிந்தது. மீதிக் காலத்துப் பணம் போனது போனதுதான்! எண்ணிப் பாருங்கள். மனுவுக்கு மேல் மனு கொடுத்துக்கொண்டே இருந்தால் காலம் நீளும் என்று நினைப்பதும் தவறு. காலங்கடந்த கோரிக்கைக்கு மனுவால் உயிர் வராது என்று அதே 2008-ல், தமிழகத்து வழக்கொன்றிலேயே சொல்லிவிட்டார்கள்.

ஆகவே என்ன செய்ய வேண்டும்?

ஒன்று: எந்த மாதம், எவ்வளவு தொகை, எந்த ஆணைப்படி என்று எழுத்தில் கேளுங்கள். உங்கள் நகலில் தேதியுடன் அலுவலக முத்திரை வாங்குங்கள். பணிப்பதிவேட்டின் நகலைக் கையில் வைத்திருங்கள்.

இரண்டு: பதில் இல்லையென்றால் 2005-ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி, கோப்பு எங்கே நிற்கிறது என்று கேளுங்கள். 30 நாளில் பதில் தரவேண்டும்.

மூன்று: அதற்கும் அசையாவிட்டால், 3 ஆண்டு கழியுமுன் நீதிமன்றம் செல்லுங்கள். மாநில அரசு ஊழியர் இதற்காகச் சென்னைக்கு ஓட வேண்டியதில்லை. 2004 ஜூலை முதல் உயர் நீதிமன்றத்தின் கிளை மதுரையிலேயே இருக்கிறது. மத்திய அரசு ஊழியருக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் உண்டு.

வக்கீலுக்குப் பணமில்லையே என்று விதவைத் தாய்மார்கள் கலங்க வேண்டாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டம், வருமானம் பாராமல் பெண்களுக்கு இலவச சட்ட உதவி தருகிறது.

படித்த இளைஞர்களே! உங்கள் தெருவில், கணவரை இழந்து குடும்ப ஓய்வூதியத்துக்காகக் காத்திருக்கும் ஒரு தாய் இருந்தால், இன்றே போய் அந்த மனுவை எழுதிக் கொடுங்கள். நாளை என்று தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் அவருடைய பணம்!