கழியாத கடன்

(ஜமாஅத்தின் ஆண்டுப் பொதுக்குழுக் கூட்டத்தில் நமது பள்ளிவாசல் இமாம் அவர்கள் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

 

ஆண்டறிக்கையும் வரவு செலவுக் கணக்கும் வாசித்து முடிந்த பின்னர், இமாம் சில வார்த்தைகள் கூறுவது நம் ஜமாஅத்தின் வழக்கம். இவ்வாண்டு நான் எடுத்துக்கொண்ட பொருள் ஓர் இளைஞர் கேட்ட கேள்வியிலிருந்து பிறந்ததாகும். ஆகஸ்டு மாதத்து ஜும்ஆ ஒன்றில், இலங்கையின் காத்தான்குடியில் 1990ஆம் ஆண்டு தொழுகையாளிகள் கொல்லப்பட்டதை நினைவுகூர்ந்து பேசியிருந்தேன். தொழுகை முடிந்ததும் அவர் என்னருகே வந்து, "ஹஜ்ரத், காத்தான்குடியைப் பற்றி ஆண்டுதோறும் பேசுகிறீர்கள். வீரமுனை என்று ஓர் ஊர் உண்டாமே, அதைப் பற்றி ஒருநாளும் நீங்கள் பேசக் கேட்டதில்லையே?" என்றார். எனக்கு உடனே விடை கூற இயலவில்லை. பொதுக்குழுவில் கூறுகிறேன் என்று வாக்களித்தேன். அவ்வாக்கை இன்று நிறைவேற்றுகின்றேன். அவரும் இச்சபையில் அமர்ந்திருக்கிறார்.

கடல் கடந்த நாட்டின் போர் நமக்கு எதற்கு என்று சிலர் எண்ணக்கூடும். அப்போரின் அலை நம் கரையில் வந்து மோதாமல் இல்லை. 1987இல் இலங்கைக்கு அனுப்பப்பட்ட இந்திய அமைதிப் படையினர் 1990 மார்ச்சில் திரும்பி வந்து இறங்கியது நம் சென்னைத் துறைமுகத்தில்தான். 1983 முதல் அலை அலையாகப் படகேறி வந்த ஏதிலிகளுள் ஒரு பகுதியினர் நமக்கு வடக்கே கும்மிடிப்பூண்டியிலும் மேற்கே புழலிலும் உள்ள முகாம்களில் இன்றளவும் வாழ்கின்றனர். நம் அண்டை வீட்டாரான காசிமேட்டு மீனவ மக்கள் 2009 மே மாதத்தில் அழுத அழுகையை நம்மில் பலர் காதாரக் கேட்டிருக்கிறோம்.

முதலில் நம் சமுதாயத்துக்கு நேர்ந்ததைக் கூறுகிறேன். 1990 ஆகஸ்டு 3, வெள்ளிக்கிழமை இரவு. காத்தான்குடியில் மீரா ஜும்ஆப் பள்ளிவாசலிலும் ஹுஸைனிய்யாப் பள்ளிவாசலிலும் இஷாத் தொழுகையில் நின்றவர்கள் மீது ஆயுதம் தாங்கியோர் சுட்டனர். நூற்றுக்கும் மேற்பட்டோர் மரித்தனர். சிறுவர்களும் அவர்களுள் அடங்குவர். விடுதலைப் புலிகள் இதற்குப் பொறுப்பேற்கவில்லை. எனினும் உயிர் தப்பியோர் அவர்களையே சுட்டினர். பத்து நாட்களுக்குள் ஏறாவூரிலும் நூற்றுக்கு மேற்பட்ட முஸ்லிம்கள் கொல்லப்பட்டனர். அவ்வாண்டு அக்டோபர் மாத இறுதியில் வட மாகாணத்து முஸ்லிம்கள் ஏறத்தாழ 75,000 பேர் தங்கள் ஊர்களை விட்டு விரட்டப்பட்டனர். யாழ்ப்பாண நகரத்தாருக்குக் கிடைத்த அவகாசம் இரண்டு மணி நேரம்!

நான் மதரஸாவில் ஓதிய காலத்தில், அவ்வாறு விரட்டப்பட்ட குடும்பத்தைச் சேர்ந்த மாணவர் ஒருவர் உடன் ஓதினார். யாழ்ப்பாணத்துச் சோனகர் தெருவில் அவருடைய தந்தையாருக்குத் தையற்கடை இருந்தது. சோதனைச் சாவடியில் தம் சிறிய தமக்கையின் காதணியையும் கழற்றி வாங்கிக்கொண்டார்கள் என்று அவர் கூறுவார். அதே மூச்சில் மற்றொன்றையும் தவறாது கூறுவார்: தந்தையாரிடம் துணி தைக்கக் கொடுத்திருந்த இந்துப் பெண்மணி ஒருவர் சாலை வரை ஓடி வந்து, தம் தாயாரின் கையைப் பற்றிக்கொண்டு அழுதார் என்பார். விரட்டியவர்களும் தமிழர், அழுதவரும் தமிழர். அந்தச் சிறுவர் இரண்டையும் மறக்கவில்லை. நானோ முதற்பாதியை மட்டுமே மிம்பரில் கூறிவந்தேன்.

இனி நாம் அதிகம் பேசாதவற்றைக் கூறுகிறேன். அதே 1990 செப்டம்பரில், மட்டக்களப்பை அடுத்த வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் தஞ்சம் புகுந்திருந்த தமிழர்களுள் 158 பேரை இராணுவத்தினர் அழைத்துச் சென்றனர். அவர்கள் திரும்பவில்லை. 1995 ஜூலை 9ஆம் நாள் யாழ்ப்பாணத்து நவாலியில், இடம்பெயர்ந்தோர் தங்கியிருந்த தேவாலயத்தின் மீது விமானப் படை குண்டு வீசியதில் 120க்கும் மேற்பட்டோர் இறந்தனர். நம் இராயபுரத்துக்குப் பெயர் தந்த அதே ராயப்பரின் பெயர் தாங்கிய ஆலயம் அது.

நம் நாட்டுப் படை மீதும் குற்றச்சாட்டு உண்டு. 1987 அக்டோபர் 21ஆம் நாள், தீபாவளித் திருநாளன்று, யாழ்ப்பாணப் பொது மருத்துவமனைக்குள் இந்திய அமைதிப் படையினர் புகுந்து சுட்டதில் மருத்துவர்கள், செவிலியர், நோயாளிகள் என அறுபதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். உள்ளிருந்து புலிகள் சுட்டதாகப் படையினர் தரப்பில் கூறப்பட்டது. அவ்விடத்தில் இருந்து பிழைத்தவர்களோ, ஆயுதமற்றோர் கொல்லப்பட்டனர் என்றே சாட்சி கூறினர். அப்போரில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட இந்திய வீரர்களும் உயிர் இழந்தனர். அவர்களுக்காக வருந்துகிறோம். அவ்வருத்தம் மருத்துவமனையில் மாண்டவர்களின் கேள்விக்கு விடையாகிவிடாது.

போரின் இறுதி மாதங்களைப் பற்றி ஐக்கிய நாடுகள் சபையின் பொதுச்செயலாளர் ஒரு நிபுணர் குழுவை அமைத்தார். இந்தோனேசியாவைச் சேர்ந்த மர்சூகி தருஸ்மான் தலைமையிலான அக்குழு 2011இல் அறிக்கை அளித்தது. இறுதிக் கட்டத்தில் 40,000 வரையிலான பொதுமக்கள் இறந்திருக்கக்கூடும் என்றது அவ்வறிக்கை. தாக்குதலற்ற பகுதி என்று தானே அறிவித்த இடத்தின் மீதும், மருத்துவமனைகள் மீதும் அரசுப் படை எறிகணை வீசியது. உணவும் மருந்தும் சென்று சேராமல் தடுத்தது. இவை நம்பத்தக்க குற்றச்சாட்டுகள் என்று கூறியது. விடுதலைப் புலிகளைப் பற்றியும் கூறியது: பொதுமக்களை வெளியேற விடாமல் தடுத்து அரணாக வைத்துக்கொண்டனர், தப்பி ஓடியவர்களைச் சுட்டனர், சிறுவர்களைக் கட்டாயமாகப் படையில் சேர்த்தனர். யாருக்காகப் போர் புரிவதாகக் கூறினார்களோ, அம்மக்கள் மீதே அவர்கள் துப்பாக்கியை நீட்டினர் என்பதாம்.

சகோதரர்களே! இப்போது வீரமுனைக்கு வருகிறேன். அது அம்பாறை மாவட்டத்தில் சம்மாந்துறைக்கு அருகே உள்ள தமிழ்க் கிராமம். காத்தான்குடிப் படுகொலை நடந்து ஒன்பது நாட்களுக்குப் பின்னர், 1990 ஆகஸ்டு 12ஆம் நாள், அங்குள்ள பிள்ளையார் கோயிலில் அடைக்கலம் புகுந்திருந்த தமிழர்கள் தாக்கப்பட்டுக் கொல்லப்பட்டனர். அதனைச் செய்தவர்களுள் ஊர்க்காவல் படையைச் சேர்ந்த முஸ்லிம்களும் இருந்தனர் என்று அவ்வூரார் சாட்சியம் கூறுகின்றனர். நமது இறையில்லத்தில் குண்டு பாய்ந்த அதே மாதத்தில், வேறொருவரின் வழிபாட்டிடத்தில் அடைக்கலம் புகுந்தோரின் இரத்தம், நம் பெயர் தாங்கியோரின் கையால் சிந்தப்பட்டது என்பதே குற்றச்சாட்டு. ஆண்டுதோறும் நான் பேசாமல் விட்டது இதுவே.

ஏன் பேசவில்லை? பேசினால் நம் காயத்தின் எடை குறைந்துவிடும் என்று அஞ்சினேன். அந்த அச்சம் எத்தகைய தவறு என்பதை நாம் கற்ற மார்க்கச் சட்டமே எடுத்துரைக்கிறது. அல்லாஹ்வுக்கு அடியான் செலுத்தவேண்டிய கடமை ஒன்று. மனிதர்க்கு மனிதர் செலுத்தவேண்டிய உரிமை மற்றொன்று. இரண்டாவதை, உரியவர் மன்னித்தாலன்றி அல்லாஹ் மன்னிப்பதில்லை என்று ஓதியிருக்கிறோம். எனக்கு ஒருவர் ஆயிரம் ரூபாய் தரவேண்டியிருக்கிறது. நான் மற்றொருவருக்கு ஆயிரம் ரூபாய் தரவேண்டியிருக்கிறது. முன்னவர் எனக்குத் தரவில்லை என்பதால் பின்னவருக்கு நான் தரவேண்டியது தீர்ந்துவிடுமா? துறைமுகத்தில் சரக்குக் கணக்கு எழுதும் சகோதரர்கள் இங்கே இருக்கிறார்கள்; அவர்கள் கூறட்டும். காத்தான்குடியில் சுட்டவர் வேறு. வீரமுனையில் இறந்தவர் வேறு. ஒருவர் பட்ட கடனை மற்றொருவரின் உயிரில் கழிப்பது எந்தக் கணக்கு?

இக்கணக்கை எல்லாத் தரப்பாரும் போட்டனர். கொழும்பில் ஆண்டோர், பயங்கரவாதத்தை ஒழித்தோம் என்று கூறி முள்ளிவாய்க்காலைக் கழித்தனர். புலிகளை ஆதரித்தோர், விடுதலைப் போர் என்று கூறி முஸ்லிம்களின் வெளியேற்றத்தைக் கழித்தனர். நாமோ காத்தான்குடியைக் கூறி மற்ற அனைத்தையும் கழித்தோம்.

நான் கழித்த கதையையும் கூறிவிடுகிறேன். 2009 மே மாதம். வேறொரு பள்ளிவாசலில் துணை இமாமாக இருந்தேன். விசைப்படகில் வேலை பார்க்கும் அண்டைவீட்டார் ஒருவர், இரங்கல் கூட்டத்துக்கு நம்மவரும் வரவேண்டும் என்று கேட்க வந்தார். பெரியவர் ஒருவர், "1990இல் எங்கள் பிள்ளைகள் செத்தபோது நீங்கள் எங்கே போயிருந்தீர்கள்?" என்று கேட்டார். வந்தவர் மறுமொழி கூறாமல் திரும்பிச் சென்றார். நான் அருகில் நின்றேன்; வாய் திறக்கவில்லை. பெரியவரின் வேதனை பொய்யன்று. ஆயினும் வாசலில் நின்றவர் எவரையும் சுட்டவர் அல்லர். எவரையும் விரட்டியவர் அல்லர். துக்கத்தோடு வந்த மனிதர். அநீதி இழைத்தவன் மீது வைக்க வேண்டிய வழக்கை, அவனுடைய மொழி பேசினார் என்பதற்காக அவர் மீது வைத்தோம். நம்மை நோக்கி உலகம் இதனையே செய்யும்போது நமக்கு எவ்வளவு வலிக்கிறது! 2019ஆம் ஆண்டு ஈஸ்டர் ஞாயிறன்று இலங்கையின் தேவாலயங்களிலும் விடுதிகளிலும் 250க்கும் மேற்பட்டோரைக் கொன்ற கூட்டத்தின் தலைவன் அதே காத்தான்குடியில் பிறந்தவன். அந்தப் பாவத்தை அவ்வூரார் அனைவர் மீதும் சுமத்தியபோது, அது அநியாயம் என்று நாம் கூறினோம். சரியாகத்தான் கூறினோம். அந்த நியாயம் நமக்கு மட்டும் உரியதன்று.

நீதிக்குச் சாட்சியாக நில்லுங்கள். அது உங்களுக்கோ பெற்றோருக்கோ உறவினருக்கோ பாதகமாயினும் நில்லுங்கள் என்பது அந்நிஸா அத்தியாயத்தின் போதனை. ஒரு கூட்டத்தார் மீதுள்ள பகை உங்களை நீதி தவறச் செய்துவிடக் கூடாது என்பது அல்மாயிதாவின் எச்சரிக்கை. ஓதுவது எளிது, அதன்படி நிற்பது கடினம். நின்று காட்டியவர்கள் நம் காலத்தில் இருந்தார்கள். யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மருத்துவப் பீடத்தில் உடற்கூற்றியல் ஆசிரியராக இருந்த ராஜனி திராணகம அம்மையார், தம் சக ஆசிரியர்களோடு சேர்ந்து எழுதிய 'முறிந்த பனை' என்னும் நூலில் இலங்கைப் படை, இந்தியப் படை, விடுதலைப் புலிகள், மற்ற இயக்கங்கள் ஆகிய அனைவரின் குற்றங்களையும் பதிவு செய்தார். 1989 செப்டம்பர் 21ஆம் நாள் மிதிவண்டியில் வீடு திரும்பும்போது சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய தோழர்கள் அப்பணியைக் கைவிடவில்லை; மனித உரிமைகளுக்கான பல்கலைக்கழக ஆசிரியர் அமைப்பின் வாயிலாக, முஸ்லிம்களுக்கு நேர்ந்ததையும் எழுதினர். தமிழ்த் தேசியக் கூட்டமைப்பின் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த சுமந்திரன், வடபுலத்து முஸ்லிம்களின் வெளியேற்றத்தை இனச்சுத்திகரிப்பு என்றே வெளிப்படையாகக் கூறினார். தம்மவரிடமே வசை வாங்கினார். நம் காயத்துக்காகத் தமிழர் ஒருவர் தம்மவரிடம் ஏச்சு வாங்கினார் என்றால், அவர்களுடைய காயத்துக்காக நாம் நம்மவரிடம் ஏச்சு வாங்க அஞ்சலாமா?

குற்றச்சாட்டு என்னும் சொல்லை நான் கவனத்தோடுதான் கையாளுகிறேன். விசாரணையும் சாட்சியமும் இன்றி எவரையும் குற்றவாளி என்று தீர்ப்பளிக்க நமக்கு உரிமை இல்லை. ஆகவேதான் விசாரணை வேண்டும் என்கிறோம். போர் முடிந்து பல ஆண்டுகள் கடந்தும், காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார்கள் 2017 முதல் கிளிநொச்சி முதலிய இடங்களில் தொடர்ந்து போராடி வந்துள்ளனர். யாழ்ப்பாணத்துச் செம்மணியில் 2025ஆம் ஆண்டு நடந்த அகழ்வில் இருநூறுக்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிப்பட்டன. மண்ணும் சாட்சி கூறும்போது மனிதன் மௌனமாக இருக்கலாமா?

நம்பிக்கை அற்றுப்போகவில்லை. கொரோனாக் காலத்தில் முஸ்லிம்களின் ஜனாஸாக்களையும் இலங்கை அரசு கட்டாயமாக எரித்தது. 2021 பிப்ரவரியில் பொத்துவில் முதல் பொலிகண்டி வரை தமிழர்கள் நடத்திய நெடும்பயணத்தில், அதனை நிறுத்தவேண்டும் என்பதும் ஒரு கோரிக்கையாக இருந்தது. கிழக்கு மாகாணத்து முஸ்லிம்கள் வழியெங்கும் அவர்களோடு இணைந்து நடந்தனர். 1990இல் ஒருவரையொருவர் அஞ்சி ஓடிய அதே மண்ணில் சேர்ந்து நடந்தார்கள்!

முடிவாக, இந்த ஜமாஅத்துக்கு மூன்று வேண்டுகோள்களை வைக்கிறேன். ஒன்று: இனி காத்தான்குடியை நினைவுகூரும் ஜும்ஆவில் வீரமுனையும் வந்தாறுமூலையும் முள்ளிவாய்க்காலும் கூறப்படும், அதற்கு நிர்வாகம் இசைவு தர வேண்டும். இரண்டு: மே மாதத்தில் அண்டை மக்கள் நடத்தும் நினைவு கூட்டத்துக்கு, அவர்கள் அழைக்கும் வரை காத்திராமல் நம்மில் சிலர் சென்று வரவேண்டும். கட்சி மேடைக்கு அன்று; துக்க வீட்டுக்குச் செல்வதுபோல். மூன்று: நமது கல்வி உதவி நிதியில், கும்மிடிப்பூண்டி முகாமின் மாணவர் சிலருக்கும், மதம் கேளாமல், இடம் தரவேண்டும்.

2009இல் வாசலில் இருந்து திரும்பிச் சென்ற அந்தச் சகோதரரின் முகவரியை நான் அறியேன். அவரிடம் நான் பட்டிருக்கும் கடன் இன்னும் தீரவில்லை. அவர் சார்பில் உங்கள் முன்னிலையில் அதை ஒப்புக்கொள்கிறேன். கேள்வி கேட்ட இளைஞருக்கு அல்லாஹ் நற்கூலி வழங்குவானாக. இறந்த அனைவரின் குடும்பத்தாருக்கும் நீதியையும் ஆறுதலையும் அருள்வானாக. நமக்கு எதிராயினும் உண்மைக்குச் சாட்சி கூறும் துணிவை நம் அனைவருக்கும் தந்தருள்வானாக. ஆமீன்.

வஸ்ஸலாம்.