சென்ற் ரினியன்ஸ் பிள்ளைகளை வரைந்தவர்

(நூற்றாண்டு விழா ஒன்றுகூடலில் பழைய மாணவி ஒருவர் ஆற்றிய உரை)



இன்று எல்லோரும் எங்கள் கல்லூரியின் பெருமையைப் பேசினார்கள். நான் உலகத்திலேயே மிக மோசமான பெண்கள் பாடசாலையைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். செயலாளர் அனுமதி தந்தவர். பழியில் பாதி அவருக்கு.

அந்தப் பாடசாலை சென்ற் ரினியன்ஸ். அதைப் பேனாவாலும் கறுப்பு மையாலும் கட்டியவர் ரொனால்ட் சேர்ல். 1920இல் கேம்பிறிஜில் பிறந்தவர். 15 வயதில் படிப்பை விட்டவர். 1941இல் இராணுவத்தில் இருந்தபோது, ஸ்கொட்லாந்தில் அறிமுகமான இரு மாணவிகளைச் சிரிக்க வைப்பதற்காக முதற் சித்திரத்தை வரைந்தார். அது 'லில்லிபுற்' சஞ்சிகையில் வெளிவந்தது.

அவருடைய பிள்ளைகளைப் பார்த்திருப்பீர்கள். குச்சிக் கால்கள், கறுப்புக் காலுறை, விளக்குமாறு போன்ற தலைமயிர். ஹொக்கி மட்டை அவர்கள் கையில் ஓர் ஆயுதம். கோடுகள் முள்ளுக்கம்பி மாதிரிக் கீறும். அங்கங்கே மை தெறித்திருக்கும். ஆனால் படத்தின் கீழே ஆசிரியை பேசுவதோ காலைக் கூட்டத்தில் நாங்கள் கேட்ட அதே மரியாதையான பேச்சு. பெரிய அநியாயம் நடந்து முடிந்திருக்கும். அவரோ சீருடையில் அழுக்குப் பட்டதைக் கண்டிப்பது போலக் கண்டிப்பார். சிரிப்பு அங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம். 1954இல் வந்த திரைப்படத்தில் தலைமையாசிரியையாக நடித்தவர் அலஸ்ரெயர் சிம் என்ற ஆண். அதையும் பார்த்துச் சிரிக்கலாம், ஆனால் அந்தக் கோட்டின் கூர்மை அதில் இல்லை.

1942 பெப்ரவரியில் சிங்கப்பூர் வீழ்ந்தது. சேர்ல் யப்பானியரின் கைதியாகி, சயாம் மரண ரயில் பாதைக்கு அனுப்பப்பட்டார். என் அம்மப்பா மலாயா பென்சன்காரர். எத்தனையோ கதை சொல்லுவார். அந்த ரயில் பாதையைப் பற்றி மட்டும் ஒரு சொல்லும் சொன்னதில்லை. தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழ்த் தொழிலாளர் பல்லாயிரம் பேர் அங்கே செத்தார்கள். சேர்லின் படங்களில்தான் அந்த முகாம்களை நான் முதலில் கண்டேன். கொலரா நோயாளிகளின் பாய்க்குக் கீழே அவர் படங்களை ஒளித்து வைப்பாராம். காவலர் அங்கே கிட்டப் போகப் பயப்பட்டார்கள். தப்பிய படங்கள் இலண்டன் போர் நூதனசாலையில் இருக்கின்றன.

முகாம் கொடுமைதான் அந்தப் பிள்ளைகளைப் பெற்றது என்று சிலர் எழுதுவார்கள். ஆண்டுக் கணக்கு அதற்கு இடங்கொடுக்காது. முதற் படம் சிறைக்கு முந்தியது. ஆனால் 1946க்குப் பிறகு வந்த பிள்ளைகள் முந்தியவர்களை விடப் பொல்லாதவர்கள். அது உண்மை.

புகழ் அவருக்கே சலித்துவிட்டது. 1961இல் இங்கிலாந்தை விட்டுப் பாரிசுக்குப் போனார். 1969இல் மனைவி மொனிக்காவுக்கு மார்புப் புற்றுநோய் வந்தது. ஒவ்வொரு சிகிச்சைக்கும் ஒரு சிறிய வர்ணப் படம் வரைந்து கொடுத்தார், எல்லாமாக 47. அவற்றில் முள்ளுக்கம்பிக் கோடு இல்லை. மொனிக்கா அதன்பின் நாற்பது வருடத்துக்கு மேல் வாழ்ந்தார். 2011இல் முதலில் அவர், டிசம்பரில் சேர்ல்.

நான் பத்தாம் வகுப்பில் படிக்கும்போது ஒரு ரீச்சர் என்னிடமிருந்து சென்ற் ரினியன்ஸ் புத்தகத்தைப் பறித்தார். அடுத்த நாள் ஆசிரியைகள் அறையில் சிரிப்புச் சத்தம் கேட்டது. புத்தகம் திரும்பி வரவேயில்லை. இன்று நூலகத்துக்கு இரண்டு பிரதி கொண்டுவந்திருக்கிறேன். ஒன்று மாணவிகளுக்கு.