மளிகைச் சீட்டைப் படிக்கும் மருத்துவம்



மருத்துவம் பற்றிப் பேச வந்தால் முதலில் வள்ளுவரைக் கூப்பிடுவது மேடை வழக்கம். பாவம், அவரும் எத்தனை மேடைக்குத்தான் வருவார்! இன்று அவருக்கு ஓய்வு கொடுத்துவிட்டு, ஒரு மளிகைக்கடைக்காரரைக் கூப்பிடுகிறேன்.

கல்லாவில் உட்கார்ந்திருக்கிறார். ஒரு பையன் சீட்டை நீட்டுகிறான். சர்க்கரை 10 கிலோ, முந்திரி 2 கிலோ, ஏலக்காய் 100 கிராம். நிமிர்ந்து பார்க்காமலேயே கேட்கிறார்: "என்னப்பா, வீட்டுல நிச்சயதார்த்தமா?" அடுத்தவன் சீட்டில் பச்சரிசி, எள், தர்ப்பைக் கட்டு. குரலைத் தாழ்த்துகிறார்: "யாருக்குப்பா காரியம்?" அந்த வீட்டு அடுப்படிக்குள் அவர் எட்டிப் பார்க்கவில்லை. சீட்டைப் படித்தார், அவ்வளவுதான்.

நம் உடம்பிலும் அப்படி ஒரு சீட்டு உண்டு. ஏறக்குறைய எல்லா செல்லுக்குள்ளும் ஒரே சமையல் புத்தகம் இருக்கிறது. அதில் சுமார் 20,000 குறிப்புகள். அவற்றைத்தான் ஜீன் என்கிறோம். கண்ணில் இருப்பதும் அதே புத்தகம், கல்லீரலில் இருப்பதும் அதே புத்தகம். ஆனால் கண் கல்லீரல் ஆவதில்லை. ஏன்? இன்றைக்கு எது தேவையோ அந்தக் குறிப்பை மட்டும் செல் நகல் எடுக்கிறது. அந்த நகலுக்கு ஆர்.என்.ஏ. என்று பெயர். அதுதான் மளிகைச் சீட்டு. எந்தப் பொருள் எத்தனை கிலோ என்று அந்தச் சீட்டைக் கூட்டிப் பார்ப்பதுதான், விஞ்ஞானிகள் ஜீன் வெளிப்பாட்டுத் தரவு என்று சொல்லும் சங்கதி.

1999-இல் அமெரிக்காவில் டாட் கோலப் குழுவினர் ரத்தப் புற்றுநோயாளிகள் 38 பேரின் எலும்பு மஜ்ஜையை எடுத்தார்கள். 6,817 ஜீன்களின் சீட்டைப் படித்தார்கள். ரத்தப் புற்றில் இரண்டு வகையை, சீட்டுக் கணக்கை மட்டும் வைத்துக்கொண்டே பிரித்துக் காட்டினார்கள். அடுத்த ஆண்டே வேறொரு குழுவினர் மார்பகப் புற்றின் சீட்டைப் படித்தார்கள். நாம் ஒரே நோய் என்று நினைத்தது பல நோய் என்று தெரிந்தது. சிலருடைய சீட்டில் ஹெர்2 என்ற ஒரே பொருள் பக்கம் பக்கமாக எழுதியிருக்கும். அந்த ஒன்றைக் குறிவைத்து அடிக்கும் டிராஸ்டுசுமாப் என்ற மருந்து 1998-இலேயே வந்துவிட்டது. எந்தச் சீட்டுக்கு எந்த மருந்து என்பதுதான் இந்த வித்தை.

இதெல்லாம் பாடப்புத்தகத்திலும் கிடைக்கும். எனக்கு இதில் பெரிதாகப் படுவது வேறொன்று. இந்த வித்தையின் பெரிய கொடை "இந்த மருந்தைக் கொடு" என்று சொல்வதல்ல. "இவருக்கு வேண்டாம், விட்டுவிடு" என்று சொல்வது.

வெள்ளிமலைப் பக்கம் மலையில் இருக்கிற ஒரு தாய்க்குக் கீமோ என்றால் என்ன? ஊசிக்கு முந்தின நாளே இறங்க வேண்டும். கச்சிராயபாளையம், கள்ளக்குறிச்சி, அங்கிருந்து புதுச்சேரியோ சென்னையோ. சென்னை சுமார் 250 கிலோமீட்டர். துணைக்கு ஒருவர். இரண்டு பேர் கூலி போச்சு. 21 நாளைக்கு ஒரு தடவை, ஆறு தடவை என்று வைத்துக்கொள்ளுங்கள். புளி உலுக்குகிற காலத்தில் ஆரம்பித்தால் சாமை விதைக்கிற காலமும் தாண்டிவிடும். ஒரு கீமோ முழுக்க முடிவதற்குள் ஒரு வெள்ளாமை போய்விடுகிறது. முடி திரும்ப முளைக்கும். போன வெள்ளாமை முளைக்காது. பணக்காரருக்கு "கீமோ வேண்டாம்" என்பது நிம்மதி. ஏழைக்கு அது ஒரு வருடத்துச் சோறு.

அந்த "வேண்டாம்" எப்படிப் பிறந்தது என்று கேளுங்கள். கட்டியின் சீட்டில் 20,000 வரியையும் படிக்காமல் 21 வரியை மட்டும் படிக்கும் சோதனை ஒன்று வந்தது. 0 முதல் 100 வரை மதிப்பெண் போடும். அதை உரைத்துப் பார்க்க டெய்லர் எக்ஸ் என்று ஓர் ஆய்வு. 10,273 பெண்கள். எல்லோருக்கும் ஆரம்ப நிலை, ஹார்மோனுக்கு வசப்படும் வகை, ஹெர்2 இல்லை, அக்குள் நெறிக்குப் பரவவில்லை. நடுத்தர மதிப்பெண் வாங்கிய 6,711 பேரை இரண்டாகப் பிரித்தார்கள். பாதிப் பேருக்கு ஹார்மோன் மருந்து மட்டும், பாதிப் பேருக்கு அதோடு கீமோவும். 2018-இல் முடிவு வந்தது. 9 ஆண்டு கழித்து, நோய் திரும்பாமலும் வேறு புற்று வராமலும் உயிரோடு இருந்தவர்கள் கீமோ இல்லாத பக்கம் 83.3 சதவீதம், கீமோ எடுத்த பக்கம் 84.3 சதவீதம். 50 வயதுக்குள் உள்ள சிலருக்குக் கீமோவால் கொஞ்சம் பலன் தெரிந்தது. மற்ற பெரும்பாலோருக்கு அது வீண் அலைச்சல். எத்தனை ஆயிரம் பேர் வாந்தி எடுத்தது தேவையே இல்லை என்று அந்த ஒரு கணக்கு சொன்னது!

கைதட்டுவதற்கு முன் ஒரு கேள்வி. இந்த 10,273 பெண்கள் எந்த ஊர்? அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, அயர்லாந்து, பெரு. ஆறு நாடு. நம் நாடு அதில் இல்லை. அந்தச் சோதனையின் விலையும் நம் பணத்துக்கு லட்சக்கணக்கில் போகிறது. யாருக்கு அந்த "வேண்டாம்" அதிகம் வேண்டுமோ, அவர் கைக்கு அது எட்டவில்லை.

அதற்காக இங்கே யாரும் கையைக் கட்டிக்கொண்டு உட்காரவில்லை. தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி 1954-இல் 12 படுக்கையோடு தொடங்கிய அடையாறு மருத்துவமனையிலேயே, டாக்டர் ராஜ்குமார் குழுவினர் கருப்பை வாய்ப் புற்றின் சீட்டைப் படித்து 2011-இல் எழுதினார்கள். பெங்களூரில் கேன்அசிஸ்ட் என்று ஒரு சோதனை செய்திருக்கிறார்கள். அது சீட்டைப் படிப்பதில்லை, அடுப்பில் வெந்த பண்டத்தையே ருசி பார்க்கிறது, அதாவது ஐந்து புரதங்களை அளக்கிறது. 2025 பிப்ரவரியில் சென்னை ஐ.ஐ.டி. நம் நாட்டு மார்பகப் புற்றுநோயாளிகள் 480 பேரின் மரபணுத் தொகுப்பை எல்லோருக்கும் திறந்து வைத்தது. அது புத்தகத்தின் எழுத்துப் பிழைகளைக் காட்டும் ஏடு. சீட்டையும் நம் ஊர் உடம்புகளில் அதே போலப் படித்துச் சேர்க்க வேண்டும்.

சேர்க்கும்போது கவனம் வேண்டும். அமெரிக்காவில் டியூக் பல்கலைக்கழகத்தில் 2006-இல் ஒரு கட்டுரை வந்தது. சீட்டைப் படித்தே எந்தக் கீமோ யாருக்குக் கேட்கும் என்று சொல்லிவிடலாம் என்றார்கள். உலகமே கொண்டாடியது. அதை நம்பி நோயாளிகளைச் சேர்த்து ஆய்வும் தொடங்கினார்கள். ஹூஸ்டனில் பேகர்லி, கூம்ப்ஸ் என்று இரண்டு புள்ளியியல் கணக்கர்கள் மட்டும் அந்தக் கணக்கைத் திரும்பப் போட்டுப் பார்த்தார்கள். என்ன கண்டார்கள் தெரியுமா? பட்டியல் ஒரு வரி நகர்ந்திருந்தது! உளுந்துக்கு நேரே இருக்க வேண்டிய எடை துவரைக்கு நேரே. மருந்து கேட்கும், கேட்காது என்ற பெயர்களும் சில இடத்தில் தலைகீழ். 2010-இல் ஆய்வுகளை நிறுத்தினார்கள். 2011-இல் கட்டுரையைத் திரும்பப் பெற்றார்கள். ரேஷன் கடையில் ஒரு வரி மாறினால் நமக்குச் சர்க்கரை கிடைக்காது. இங்கே ஒரு வரி மாறினால் உயிரோடு விளையாட்டு. எவ்வளவு பெரிய கம்ப்யூட்டரானாலும், குப்பியின் மேல் பெயர் ஒட்டுகிற விரல் சரியாக ஒட்ட வேண்டும்.

என் பெரியம்மா கதையைச் சொல்லி முடித்துக்கொள்கிறேன். மார்பில் கட்டி. ஒரு வருடம் யாரிடமும் மூச்சு விடவில்லை. ஏன் பெரியம்மா என்றால், "வலிக்கலையேப்பா, வலிச்சாதானே ஆஸ்பத்திரி" என்றார். தாய்மார்களே, வலிக்காத கட்டியும் வில்லனாக இருக்கலாம். சதை எடுத்துப் பார்த்தார்கள். அடுத்த மருத்துவமனைக்குப் போனபோது "பிளாக் எங்கே?" என்றார்கள். பிளாக் என்றால் தீப்பெட்டியில் பாதி அளவு ஒரு மெழுகுக் கட்டி. வெட்டிய சதையை அதற்குள் பதித்துப் பத்திரப்படுத்துவார்கள். அந்த மெழுகுக்குள்தான் மளிகைச் சீட்டும் இருக்கிறது. வருடங்கள் கழித்தும் படிக்கலாம். முதல் இடத்தில் போய்க் கேட்டோம். தேடினார்கள், கிடைக்கவில்லை. மறுபடி பெரியம்மாவுக்குச் சதை எடுக்கும் ஊசி.

நான் ஓர் அறிவியல் வாத்தியார். படித்த திமிரோடு டாக்டரிடம் கேட்டேன்: "சார், 21 ஜீன் சோதனை செய்யலாமா? கீமோவைத் தவிர்க்கலாமே." அவர் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "வாத்தியாரே, அந்தச் சோதனை, கொடுக்கலாமா வேண்டாமா என்று சந்தேகம் இருப்பவர்களுக்கு. உங்க பெரியம்மா விஷயத்தில் எனக்குச் சந்தேகமே இல்லை. நெறி முழுக்கப் பரவியிருக்கு."

லட்ச ரூபாய் கையில் இருந்திருந்தாலும் அன்று அந்தச் சோதனையால் எங்களுக்குப் பயனில்லை. எட்டுத் தடவை கீமோ. பிறகு கரண்டு, அதாவது கதிர்வீச்சு, வைத்தார்கள். அந்த வருடம் பெரியம்மாவின் களத்தில் புளி காயவில்லை.

ஆகவே மலை உறவுகளே, "வேண்டாம்" என்ற வார்த்தையைக் கேட்கும் உரிமை சீக்கிரம் வருபவருக்குத்தான் உண்டு. கட்டி புளியங்கொட்டை அளவில் இருக்கும்போதே வாருங்கள். பலாக்கொட்டை ஆகிற வரை பொறுக்காதீர்கள். கள்ளக்குறிச்சியை ஒட்டிய சிறுவங்கூரில் அரசு மருத்துவக் கல்லூரி 2022 ஜனவரியில் திறந்தாயிற்று. மருத்துவக் கல்லூரி என்றால் சதையைப் பார்த்துச் சொல்லும் துறை கட்டாயம் உண்டு. சதை எடுக்கும் முதல் ஊசிக்குச் சென்னை போக வேண்டியதில்லை. சதை எடுத்தால் ரிப்போர்ட்டோடு நிற்காதீர்கள். "பிளாக் நம்பர் என்ன, எத்தனை வருடம் வைத்திருப்பீர்கள்?" என்று கேட்டு எழுதி வாங்குங்கள். ரேஷன் கார்டு வைக்கிற டிரங்குப் பெட்டியிலேயே அந்தச் சீட்டையும் வையுங்கள்.

பெரியம்மா இன்று கூட்டத்துக்கு வரவில்லை. உடம்புக்கு ஒன்றுமில்லை, களத்தில் புளி காய்கிறது, மேகம் கறுத்திருக்கிறது, நகர மாட்டேன் என்றுவிட்டார்.