முதலாளி மாறினாலும் ஒப்பந்தம் நிலைக்க வேண்டும்

(கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவின் சாரம்)



சுவீடன் நாட்டின் கார்த் தொழிலைப் பற்றி இன்று பேச வந்திருக்கிறோம். "விடியுமுன் மரம் சீவப் போகிறவனுக்கு எங்கோ இருக்கும் நாட்டின் காரைப் பற்றி என்ன கவலை?" என்று சிலர் எண்ணக்கூடும். கவலைப்படக் காரணம் உண்டு. உலகில் விளையும் இயற்கை ரப்பரில் ஏறக்குறைய பத்தில் ஏழு பங்கு டயருக்கே போகிறது. கார் ஓடினால்தான் நம் பாலுக்கு விலை. கார்த் தொழில் தும்மினால் தோட்டத்துக்குச் சளி பிடிக்கும்.

இன்னொரு சம்பந்தம் நம் வாசலிலேயே இருக்கிறது. இன்று ஷா ஆலாம் என்று வழங்கும் நகரம் முன்பு சுங்கை ரெங்கம் தோட்டப் பகுதி. அந்நகரில்தான் 1967-ல் இந்நாட்டின் முதல் கார் பொருத்தும் தொழிற்சாலை எழுந்தது. அங்கே பொருத்தப்பட்டது சுவீடனின் வால்வோ கார். மரம் நின்ற மண்ணில் கார் உருண்டது. பின்னர் 1985-ல் அதே நகரிலிருந்து புரோட்டோன் சாகா வெளிவந்தது.

சுவீடனின் ஜனத்தொகை ஒரு கோடிக்குச் சற்று அதிகம். அந்தச் சின்ன நாடு வால்வோ, சாப் என்று இரண்டு கார்களை உலகத்துக்குத் தந்தது. இன்று அத்தொழிலின் நிலை என்ன? வால்வோ கார்ப் பிரிவு 1999-ல் அமெரிக்காவின் ஃபோர்டு நிறுவனத்துக்கு விற்கப்பட்டது. 2010-ல் சீனாவின் ஜீலி நிறுவனம் அதை வாங்கியது. அதே ஜீலி 2017-ல் நமது புரோட்டோனின் பங்குகளில் 49.9 விழுக்காட்டை வாங்கியது. ஆக, சுவீடன் காருக்கும் மலேசியக் காருக்கும் இன்று ஒரே வீட்டில் சம்பந்தம்! சாப் கதையோ சோகமானது. 2011 டிசம்பரில் அது திவாலாகி, டுரோல்ஹாட்டன் நகரில் ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்தனர்.

துன்பம் அத்தோடு முடியவில்லை. மின்சாரக் காருக்கு மின்கலம் செய்யப் புறப்பட்ட நார்த்வோல்ட் நிறுவனம் 2025 மார்ச்சில் திவாலாயிற்று. அதே ஆண்டு மே மாதத்தில் வால்வோ கார் நிறுவனம் சுமார் 3,000 வேலைகளைக் குறைப்பதாக அறிவித்தது. கிராணி நண்பர்களே, இதைக் கவனியுங்கள்: அவற்றில் பெரும்பாலானவை அலுவலக வேலைகள். கத்தி பிடிக்கும் கைக்கு மட்டுமே ஆபத்து, பேனா பிடிக்கும் கைக்கு இல்லை என்று நாம் இனியும் எண்ணிக்கொண்டிருக்க முடியாது.

ஆனாலும் சுவீடன் தொழிலாளி நடுத்தெருவில் விடப்படவில்லை. ஏன்? அங்கே தொழிலாளரில் பத்தில் ஏழு பேர் சங்கத்தில் இருக்கிறார்கள். பத்தில் ஒன்பது பேருக்குக் கூட்டு ஒப்பந்தத்தின் பாதுகாப்பு உண்டு. குறைந்தபட்சச் சம்பளச் சட்டமே அந்நாட்டில் கிடையாது. சம்பளத்தைத் தீர்மானிப்பது ஒப்பந்தம்தான். கம்பெனி திவாலானால் பாக்கிச் சம்பளத்துக்கு அரசாங்கம் ஒரு வரம்பு வரை உத்தரவாதம் தருகிறது. வேலை இழந்தவருக்கு வேறு வேலை தேடவும் புதுத் தொழில் கற்கவும் உதவும் மன்றங்கள் உண்டு. அவற்றுக்குப் பணம் வருவது ஒப்பந்தப்படி முதலாளிகள் செலுத்தும் தொகையிலிருந்து. பெரிய கம்பெனிகளின் நிர்வாக சபையில் தொழிலாளர் பிரதிநிதிகளும் அமர்கிறார்கள்.

அந்த ஒப்பந்தத்தை அவர்கள் எப்படிக் காக்கிறார்கள் என்பதற்கு ஓர் உதாரணம். டெஸ்லா நிறுவனம் அங்கே கூட்டு ஒப்பந்தத்தில் கையெழுத்திட மறுத்தது. 2023 அக்டோபர் 27-ல் அதன் மெக்கானிக்குகள் வேலைநிறுத்தம் தொடங்கினர். துறைமுகத் தொழிலாளர் அந்தக் கார்களை இறக்க மறுத்தனர். தபால் ஊழியர் நம்பர் பிளேட்டைக் கொண்டு சேர்க்க மறுத்தனர். போராட்டம் 2025-லும் நீடித்தது. நம் நாட்டுச் சட்டம் இத்தகைய அனுதாப வேலைநிறுத்தத்துக்கு இடங்கொடாது. ஆயினும் ஒருவர் துயரை மற்றவர் தம் துயராகக் கொள்ளும் மனத்தை எந்தச் சட்டம் தடுக்கும்?

இனி நம் பக்கம் திரும்புவோம். தோட்டம் கைமாறுகிறது, துரை மாறுகிறார், பெயர்ப்பலகை மாறுகிறது. வீடமைப்புத் திட்டம் வருகிறது, லயம் இடிகிறது. ஷா ஆலாமில் 1972 முதல் இயங்கிய குட்இயர் டயர்த் தொழிற்சாலையே 2024-ல் மூடப்பட்டதைக் கண்டோம். அந்த வேளையில் நம் கையில் என்ன இருக்கிறது என்பதை ஒவ்வொருவரும் மனப்பாடமாக அறிந்திருக்க வேண்டும்.

1980-ஆம் ஆண்டின் வேலைநீக்க விதிகளை நினைவில் வையுங்கள். ஓராண்டுக்குக் குறையாமல் வேலை செய்தவருக்கே இது பொருந்தும். ஆட்குறைப்பு நேர்ந்தால், இரண்டு ஆண்டுக்குக் குறைந்த சேவைக்கு ஆண்டுக்கு 10 நாள் சம்பளம். இரண்டு முதல் ஐந்து ஆண்டுக்குள் 15 நாள். ஐந்தும் அதற்கு மேலும் 20 நாள். தோட்டம் கைமாறினால், புதிய முதலாளி 7 நாளுக்குள், பழைய நிபந்தனைகளுக்குக் குறையாமல், வேலை தர முன்வர வேண்டும். அப்படி முன்வராவிட்டால் ஈட்டுத்தொகை நமக்கு உரியது. 2018 முதல் சொக்சோவின் வேலை காப்புறுதியும் இருக்கிறது. வேலை போனால் 60 நாளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். சம்பளச் சீட்டுகளைப் பத்திரப்படுத்துங்கள். சீட்டில்லாத உழைப்பு, சாட்சியில்லாத வழக்கு.

இவை சட்டம் கொடுத்தவை. இவை போதா. இருபது நாள் சம்பளம் சில மாத அரிசிக்கு ஆகும், வாழ்க்கைக்கு ஆகாது. நிலம் கைமாறும்போது வீட்டுக்கு வழி என்ன, மாற்றுத் தொழில் பயிற்சிக்குச் செலவு யாருடையது என்பவையும் ஒப்பந்தத்தில் எழுத்தில் ஏற வேண்டும். சுவீடன் தொழிலாளி அதைச் சங்கத்தின் பலத்தால் பெற்றான். நம் பிள்ளைகளும் தொழிற்பயிற்சி பெற்று, தோட்டம் இருந்த மண்ணில் எழுந்த தொழிற்சாலைக்குள் தேர்ந்த தொழிலாளியாக நுழைய வேண்டும். வேலிக்கு வெளியே நின்று வேடிக்கை பார்க்கக் கூடாது.

தோழர்களே! முதலாளி இன்று அமெரிக்கர், நாளை சீனர், மறுநாள் நம்மவராகவே இருக்கலாம். ஆள் யாராயினும் ஒப்பந்தம் நிலைக்க வேண்டும். ஒப்பந்தம் நிலைக்க அங்கத்தினர் பெருக வேண்டும். இங்கிருந்து வீடு திரும்பியதும் பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டுங்கள். சேராதவரைச் சேருங்கள்.

தொழிலாளர் ஒற்றுமை ஓங்குக!