அடைபட்ட நாளமும் திறக்கும் வழியும்



வாய்க்கால் அடைபட்டால் கடைமடைப் பயிர் கருகும். இருதயத் தமனி அடைபட்டால் அதன் தசையும் அவ்வாறே மடியும். 1977-இல் சூரிச் நகரில் டாக்டர் குருன்ட்சிக் அவர்கள், சிறு பலூன் ஒன்றைத் தமனியினுள் செலுத்தி, அவ்வடைப்பை முதன்முதலாக விரித்துத் திறந்தார். திறந்த வழி மீண்டும் சுருங்காமல் தாங்குவதே ஸ்டென்ட் என்னும் உலோக வலைக்குழாய். அதனை எளியோர்க்கும் எட்டச் செய்ய விழைந்தவர், இராமேசுவரத்தில் பிறந்து நம் ஐதராபாத்தில் ஏவுகணை ஆய்வு நடத்திய அப்துல் கலாம் அவர்கள். இருதய மருத்துவர் சோமராஜுவுடன் இணைந்து, 1990-களில் குறைந்த விலையில் 'கலாம்-ராஜு ஸ்டென்ட்' உருவாக்கினார்.

ஆயினும், மடிந்த தசையை எக்கருவியும் உயிர்ப்பிக்காது. நெஞ்சு இறுகி வியர்த்தால், வாயுவென்றெண்ணிக் கஷாயம் வைத்துக் காத்திராதீர். அக்கணமே 108-ஐ அழையுங்கள்.